கத்தரிக்கோலுடன் எல்லை கடந்த லொற்றே ரைனிகர்

ஜேர்மனியில் வளரும் எமது பிள்ளைகளிற் பலர், பாலர் பாடசாலையிலோ தொலைக்காட்சியிலோ ஒரு வகைப் படத்தை எப்போதாவது பார்த்திருப்பர். ஒளி நிறைந்த பின்னணியின் முன்னே கன்னங்கரிய உருவங்கள் நடமாடும். அவற்றின் முகத்திற் கண்ணுமில்லை, வாயுமில்லை. ஆயினும் சிண்டரெல்லா அழுகிறாள் என்பதும், தையற்காரன் பெருமையடிக்கிறான் என்பதும் சின்னஞ்சிறு பிள்ளைக்கும் விளங்கிவிடும். தலை சாயும் சாய்வும், விரல் மடங்கும் விதமுமே அங்கு மொழியாகின்றன. ஜேர்மன் மொழி தெரியாத தாயும், தமிழை மறந்துகொண்டிருக்கும் மகளும் பக்கத்திற் பக்கத்தில் இருந்து ஒரே அளவாக விளங்கிக்கொள்ளக் கூடிய படங்கள் அவை.

இப்படங்களைச் செய்தவர் லொற்றே ரைனிகர் என்னும் அம்மையார். அவற்றுட் பெரும்பாலானவற்றுக்கு உறுதுணையாக நின்றவர் அவரது கணவரான கார்ல் கொக். பல படங்களின் ஒளிப்பதிவாளரும் அவரே. உலகத் திரைப்பட வரலாற்றில் அழியா இடம் பெற்ற இத்தம்பதியர், தம் வாழ்வின் முக்கியமான ஆண்டுகளை எந்த நாட்டிலும் நிரந்தர வதிவிட அனுமதி இன்றி, விசா முடியும் நாளை எண்ணியபடி பெட்டியுடன் அலைந்து கழித்தவர்கள் என்பது பலர் அறியாத செய்தியாகும்.

லொற்றே 1899 ஆம் ஆண்டு ஜூன் 2 ஆம் திகதி, பேர்லினை அடுத்திருந்த சார்லொற்றன்பேர்க் நகரிற் பிறந்தார். கத்தரிக்கோலாற் கறுப்புத் தாளில் உருவங்களை வெட்டுவது ஜேர்மனியில் நெடுநாளாக வீடுகளில் வழங்கிவந்த கைப்பழக்கம். ஆனால் லொற்றேயின் கை வேகம் வேறு வகையானது. கோடு வரைந்து பின் வெட்டும் வழக்கம் அவருக்கில்லை. கத்தரிக்கோலை வலக் கையில் அசையாது பிடித்து, இடக் கையிலுள்ள தாளை அதனுள் திருப்பித் திருப்பி விடுவார். சில கணத்தில் ஒரு குதிரையோ ஓர் அரசகுமாரியோ தாளிலிருந்து கழன்று விழும். சிறுமியாக இருந்தபோதே இவ்வுருவங்களைக் கொண்டு வீட்டிலே நிழல் நாடகங்கள் நடத்தியவர் அவர்.

இதனை வாசிக்கும்போது எம்மவருக்குத் தோற்பாவைக் கூத்து நினைவுக்கு வருவது இயல்பே. திரைக்குப் பின்னால் விளக்கேற்றித் தோலில் வெட்டிய பாவைகளை ஆட்டும் அக்கலை தமிழருக்குப் புதிதன்று. கேரளத்துப் பாலக்காட்டுப் பகுதியில், பகவதி கோயில்களிலே, கம்பராமாயணப் பாடல்களைத் தமிழிலேயே பாடிப் பாவைகளை ஆட்டும் கூத்தர் பரம்பரை இன்றும் உண்டு. சீனர், சாவகர், துருக்கியர், கிரேக்கர் ஆகியோரிடமும் இக்கலை இருந்தது. லொற்றே செய்த புதுமை யாதெனில், ஆட்டுபவரின் கையைத் திரையிலிருந்து அகற்றி, அவ்விடத்தில் கமராவை வைத்தமையேயாகும்.

அதற்கு வழி காட்டியவர் போல் வேகனர் என்னும் நடிகர். திரைப்படத்திற்கே உரிய மாயங்கள் பற்றி அவர் ஆற்றிய ஓர் உரையை 1915 இற் கேட்ட லொற்றே, எப்படியும் அவர் அருகிற் சேர வேண்டுமென்று தீர்மானித்து, வேகனர் நடித்துவந்த மக்ஸ் ரைன்ஹாட்டின் நாடகக் குழுவோடு இணைந்த நடிப்புப் பள்ளியிற் சேர்ந்தார். மேடையின் ஓரத்தில் நின்று நடிகர்களின் உருவங்களைத் தாளில் வெட்டிக் கொடுப்பார். தம் உருவத்தைக் கண்டு மகிழாத நடிகர் உண்டோ? வேகனரும் அந்தக் கைவண்ணத்தைக் கவனித்தார். தம் படங்களின் எழுத்துப் பலகைகளை அலங்கரிக்கும் வேலையை அவருக்கு அளித்தார். ஹாமெலின் நகரக் குழலூதியின் கதையை 1918 இல் வேகனர் படமாக்கிய வேளையில், நிசமான எலிகள் சொன்னபடி கேட்க மறுத்துவிட்டன. அப்போது மரத்தால் எலிகள் செய்து, ஒவ்வொரு சட்டத்திற்கும் சிறிது சிறிதாக நகர்த்திப் படம் பிடித்தார்கள். அந்த மர எலிகளை நகர்த்தியவர்களில் ஒருவர் லொற்றே. பத்தொன்பது வயதில் அவர் கற்ற முதற் பாடம் அது.

அடுத்த ஆண்டில் பேர்லினில் ஹன்ஸ் கூர்லிஸ் என்பவர் பண்பாட்டு ஆய்வுக்கென ஒரு நிறுவகத்தைத் தொடங்கினார். வேகனரின் சிபாரிசில் அங்கே சென்ற லொற்றே, 1919 டிசம்பரில் தமது முதல் நிழலுருவப் படத்தை வெளியிட்டார். காதல் வயப்பட்ட இருவரின் மனநிலைக்கேற்ப ஓர் அலங்கார வளையம் உருமாறுவதே அதன் கதை. அந்நிறுவகத்தில் அவருடன் வேலை செய்தவரே கார்ல் கொக். 1892 இற் பிறந்தவர். கலை வரலாறு கற்றவர். முதலாம் உலகப் போரிற் போரிட்டு மீண்டவர். 1921 இல் இருவரும் மணம் புரிந்தனர்.

இவர்கள் வேலை செய்த முறையைச் சற்று விரிவாகச் சொல்ல வேண்டும். ஒரு மேசையின் நடுவே துளையிட்டு, அதன் மேல் தடித்த கண்ணாடி பதித்திருப்பர். கண்ணாடிக்குக் கீழே விளக்கு. மேலே, கீழ் நோக்கிப் பார்த்தபடி கமரா. கறுப்பு மட்டையாலும் மெல்லிய ஈயத் தகட்டாலும் வெட்டப்பட்ட உருவத்தின் கழுத்து, தோள், முழங்கை, மணிக்கட்டு, இடுப்பு, முழங்கால் ஆகியன தனித்தனித் துண்டுகளாக இருந்து நுண்ணிய கம்பியினாற் பிணைக்கப்பட்டிருக்கும். உருவத்தைக் கண்ணாடியிற் படுக்க வைத்து, மயிரிழை அளவு கையை நகர்த்தி ஒரு படம்; மீண்டும் நகர்த்தி மற்றொரு படம். திரையில் ஒரு விநாடி ஓடுவதற்கு ஏறத்தாழ இருபத்து நான்கு படங்கள் தேவை. ஒரு நாள் முழுவதும் குனிந்து நின்றால் திரையிற் கிடைப்பது ஒரு சில விநாடிகளே.

இங்கே ஒளிப்பதிவாளரின் பணி எத்தகையது என்பதைப் பலரும் கருதிப் பார்ப்பதில்லை. சாதாரணப் படங்களில் நடிகர் நடிப்பார், கமரா பார்த்துக்கொண்டிருக்கும். இங்கோ கமரா ஒவ்வொரு முறையும் ஒரேயொரு சட்டத்தை மட்டுமே பதிய வேண்டும். விளக்கின் ஒளி சற்றே மாறினாலும் திரையில் மினுக்கம் தோன்றும். யாரோ மேசையில் இடித்துவிட்டால் அன்றைய உழைப்பு வீண். பதிந்தது சரியா பிழையா என்பது படச்சுருளைக் கழுவிய பின்னரே தெரியவரும். ஆகவே எத்தனையாவது சட்டத்தில் எந்தக் கால் எங்கே இருக்க வேண்டும் என்பதெல்லாம் முன்கூட்டியே கணக்கிட்டிருத்தல் அவசியம். லொற்றேயின் கற்பனைக்குக் கடிவாளமாகவும் அளவுகோலாகவும் நின்றவர் கார்ல். அவரது பெயர் இன்று சிறு எழுத்திலேயே காணப்படுவது ஒரு குறையே என்பது எமது அபிப்பிராயம்.

1923 இல் ஜேர்மன் நாணயம் குப்பையாகியது. அவ்வாண்டு நவம்பரில் ஓர் அமெரிக்க டொலருக்கு நான்கு லட்சம் கோடி மார்க்குக்கு மேல் கொடுக்க வேண்டியிருந்தது. பணத்தைக் கையில் வைத்திருக்க அஞ்சிய லூயிஸ் ஹாகன் என்னும் யூத வங்கியாளர், மதிப்புக் குறையாத பொருளென்று கருதித் திரைப்படச் சுருள்களை வாங்கிக் குவித்திருந்தார். அவற்றை என்ன செய்வதென்று யோசித்தவருக்கு லொற்றேயின் நினைவு வந்தது. சில நிமிடங்கள் ஓடும் சித்திரப் படங்களே வழக்கிலிருந்த அக்காலத்தில், முழுநீளப் படமொன்று செய்ய இயலுமா என்று அவர் கேட்டார். துறைசார்ந்தோர் பலர் சிரித்தனர். லொற்றே ஒப்புக்கொண்டார். அவருக்கு வயது இருபத்து நான்கு.

பொட்ஸ்டாமில் ஹாகனின் வீட்டை அடுத்து, கார் நிறுத்தும் கொட்டகையின் மேல்மாடமே படப்பிடிப்புக் கூடமாயிற்று. கூரை மிகத் தாழ்வானது. கமராவை மேலே பொருத்தியதும் மேசையைத் தாழ்த்த வேண்டி வந்தது. எனவே லொற்றே பழைய மோட்டார்க் காரொன்றின் இருக்கையைத் தரையில் இட்டு, அதன் மீது மண்டியிட்டபடியே வேலை செய்தார். அவ்வாறு மூன்று ஆண்டுகள்! ஆயிரத்தொரு இரவுகள் கதைகளினின்று எடுத்துத் தொகுத்த ‘இளவரசர் அக்மெட்டின் சாகசங்கள்’ என்ற படம் அங்கேதான் உருவாயிற்று. கார்ல் கமராவையும் தயாரிப்பு நிருவாகத்தையும் ஏற்றார். வால்ற்றர் றுட்மன் மாய மந்திரக் காட்சிகளின் ஒளிக்கோலங்களைச் செய்தார். பேர்த்தோல்ட் பார்த்தொஷ் கடலலைகளை அசையச் செய்தார். வொல்ஃப்காங் செல்லர் இசையமைத்தார். கண்ணாடித் தட்டுகளை ஒன்றன்மேல் ஒன்றாக அடுக்கி, முன்புறத்திலும் பின்புறத்திலும் வெவ்வேறு காட்சிகளை நகர்த்தித் தூரத்தையும் ஆழத்தையும் காட்டும் உத்தியை இவர்கள் கையாண்டனர். அமெரிக்காவில் டிஸ்னி நிறுவனம் பல்தட்டுக் கமராவால் இதே விளைவைப் பெற்றது 1937 இலேதான்.

ஏறத்தாழ 250,000 சட்டங்கள் படம் பிடிக்கப்பட்டு, அவற்றுள் ஏறத்தாழ 96,000 சட்டங்கள் படத்தில் இடம்பெற்றன. 1926 மே 2 ஆம் திகதி பேர்லின் மக்கள் அரங்கில் முதற்காட்சி நடைபெற்றது. அரங்கு நிறைந்திருந்தது, காட்சிக்குக் காட்சி கைதட்டல் எழுந்தது. அவ்வாண்டு கோடையிற் பாரிஸ் நகரிலும் திரையிடப்பட்டது. ஆர்ஜென்ரீனாவில் இதற்கு முன் செய்யப்பட்ட முழுநீளச் சித்திரப் படங்கள் அழிந்துபோயின. எனவே இன்று உலகில் எஞ்சியிருப்பவற்றுள் மிகப் பழைய முழுநீளச் சித்திரப் படம் இதுவே.

இப்படத்தில் வரும் ஆபிரிக்க மந்திரவாதியும் சீனத்துச் சக்கரவர்த்தியும், அக்கால ஐரோப்பியர் கீழைத்தேயத்தை எவ்வாறு கற்பனை செய்தார்கள் என்பதையே காட்டுகின்றனர். கீழைத்தேயத்தவராகிய நாம் பார்க்கும்போது சில இடங்களில் முகஞ்சுளிக்கத் தோன்றும். கலையின் நேர்த்தியை மெச்சுவதற்காக இதனை மறைக்க வேண்டியதில்லை.

பாரிஸ் திரையிடலைக் கண்டு வியந்தவர்களில் ஒருவர் ஜோன் ரெனுவார். பின்னாளில் பிரெஞ்சுத் திரைப்பட மேதையாக உலகம் கொண்டாடிய அதே ரெனுவார்தான். அவருக்கும் கார்லுக்கும் மூண்ட நட்பின் பின்னணி வியப்புக்குரியது. முதலாம் உலகப் போரில் ரெனுவார் பிரெஞ்சு வேவு விமானத்திற் பறந்தவர். கார்ல் அவர் பறந்த அதே போர்முனையில் ஜேர்மன் விமான எதிர்ப்புப் பீரங்கி அணிக்குப் பொறுப்பாயிருந்தவர். தன்னை நோக்கிச் சுட்டவரே தன் நெருங்கிய நண்பராயினார் என்பதை ரெனுவார் தமது நினைவு நூலிற் பதிந்துள்ளார்.

பேர்லினில் இருந்த காலம் மகிழ்ச்சியானது. ‘டொக்டர் டூலிற்றில்’ கதைகள் 1928 இல் வெளிவந்தன. நாடகாசிரியர் பேர்ட்டோல்ட் பிறெஹ்ட் இவர்களின் நண்பர். 1931 இல் அவர் மேடையேற்றிய நாடகமொன்றைக் கார்ல் படச்சுருளிற் பதிவு செய்தார். மனிதர் நடிக்கும் படமொன்றை 1930 இல் லொற்றே முயன்றபோது, பேசும்படங்கள் புகுந்துவிட்டதால் அது தோல்வி கண்டது. அந்தத் தோல்வி பெரிதன்று. வரவிருந்தது வேறு.

1933 ஜனவரியில் ஹிட்லர் ஆட்சிபீடம் ஏறினார். லொற்றேயும் கார்லும் யூதரல்லர். அவர்களை எவரும் வீடு தேடி வந்து துரத்தவில்லை. வாயை மூடிக்கொண்டிருந்திருந்தால் வசதியாக வாழ்ந்திருக்கலாம். ஆனால் இடதுசாரி எண்ணமுடைய அவ்விருவராலும், தம் யூத நண்பர்கள் ஒருவர் பின் ஒருவராக வேலையிழந்து ஒதுக்கப்படுவதைப் பார்த்துக்கொண்டு அங்கே இருக்க முடியவில்லை. பொட்ஸ்டாம் மேல்மாடத்திற் கூடிப் பணியாற்றியவர்கள் அக்காலத்தில் எவ்வாறு பிரிந்தார்கள் என்று பார்த்தால் மனம் கனக்கும். பார்த்தொஷ் ஏற்கனவே பாரிஸ் சென்றுவிட்டார். றுட்மன் நாட்டிலே தங்கி ஆட்சியாளருக்குப் பிரசாரப் படங்கள் செய்தார். இளவரசருக்கு இசையமைத்த அதே செல்லர், 1940 இல் யூதருக்கெதிராக நஞ்சு கக்கிய ‘யூதன் ஸூஸ்’ என்ற படத்திற்கும் இசையமைத்தார். ஹாகன் குடும்பத்தின் இளம் மகன், தந்தையின் பெயரே கொண்ட லூயிஸ், 1934 இற் கைதாகி லிக்டன்பேர்க் தடுப்பு முகாமில் அடைக்கப்பட்டான். விடுதலையான பின் அவன் இங்கிலாந்து சேர்ந்தான். கார் கொட்டகைக்கு மேலே இளவரசர் பறப்பதைப் பார்த்து வளர்ந்த பிள்ளை அவன்.

லொற்றேயும் கார்லும் வெளியேறிய போதும், எந்த நாடும் அவர்களை நிரந்தரமாக ஏற்க முன்வரவில்லை. இங்கிலாந்தில் சில மாதம், பிரான்சிற் சில மாதம், பின் மீண்டும் இங்கிலாந்து என்றாயிற்று. அனுமதி முடிந்ததும் மூட்டை கட்ட வேண்டும். சில காலம் ஒருவர் ஒரு நாட்டிலும் மற்றவர் இன்னொரு நாட்டிலுமாக இருந்தனர். இந்த வாழ்வு எப்படியிருக்கும் என்பதை இப்பத்திரிகையின் வாசகர்களுக்கு விளக்க வேண்டிய அவசியமில்லை.

ஆயினும் லொற்றேயின் கலைக்கு ஒரு வசதி இருந்தது. பெரிய படப்பிடிப்புக் கூடமோ, நூற்றுக்கணக்கான உதவியாளரோ அதற்கு வேண்டியதில்லை. கத்தரிக்கோலும், மட்டையும், எங்கேயேனும் ஒரு கண்ணாடி மேசையும் போதும். மொழியும் பெரும் தடையாக இருக்கவில்லை. லண்டனில் பிரித்தானிய அஞ்சல் திணைக்களத்தின் திரைப்படப் பிரிவுக்காக 1938 இல் ‘த ரொச்சர்’ என்ற குறும்படம் செய்தார். கிரேக்கத்தின் ‘கரகியோசிஸ்’ நிழற்கூத்தை அந்நாட்டுக்கே சென்று பார்த்துக் கற்றார். ரெனுவார் இவ்விருவரையும் கைவிடவில்லை. பிரெஞ்சுப் போர்க்கைதிகள் ஜேர்மன் முகாமில் வாழ்ந்த கதையான ‘பெரும் மாயை’ 1937 இல் உருவாகியபோது கார்ல் ஆலோசகராக இருந்தார். 1938 இல் வெளியான ‘லா மார்செய்யேஸ்’ படத்தில் வரும் நிழற்கூத்துக் காட்சியை லொற்றே அமைத்தார். அடுத்த ஆண்டில் ‘ஆட்டத்தின் விதி’ படத்திலும் கார்லின் பங்களிப்பு உண்டு.

போர் மூண்டபின் இத்தாலியே எஞ்சியது. ரோம் நகரில் ரெனுவார் தொடங்கிய ‘டொஸ்கா’ படத்தை, 1940 இல் இத்தாலி போரில் இறங்கியதும் அவர் விட்டுச் செல்ல நேர்ந்தது. அதனைக் கார்லே முடித்தார். உதவியாளராக இருந்த லூக்கினோ விஸ்கொன்ரி பின்னாளிற் பெரும் இயக்குநரானவர். ஆனால் 1944 இல், எவரும் எதிர்பாராத திசையில் இவர்களின் பயணம் திரும்பியது. பேர்லினில் லொற்றேயின் தாயார் நோயுற்றிருந்தார். குண்டுகள் பொழிந்துகொண்டிருந்த அந்நகருக்கு, பதினொரு ஆண்டுகளுக்கு முன் வெறுத்த அதே ஆட்சியின் கீழ், அவர்கள் திரும்பினர். அங்கே பிழைப்புக்காக ‘பொன் வாத்து’ என்ற சிறுவர் படத்தில் லொற்றே வேலை செய்தார். கண்காணிப்பின் நிழலிலே செய்யப்பட்ட அது அரைகுறையாகவே நின்றது. கொள்கைக்காக நாட்டை நீங்கியவர் தாய்க்காகத் திரும்பியதைக் குறை கூற எமக்கு நாவெழவில்லை. ஊரில் தாயைத் தனியே விட்டு வந்தவர்கள் இதனை அறிவர்.

1945 இல் பேர்லினில் நடந்த சண்டையில் ‘இளவரசர் அக்மெட்’டின் மூலச்சுருள் அழிந்தது. மூன்றாண்டு மண்டியிட்ட உழைப்பு!

போருக்குப் பின், 1949 இல், தம்பதியர் லண்டன் சென்றனர். வடக்கே நியூ பார்னெட்டில் கலைஞர்கள் கூடி வாழ்ந்த ஒரு குடியிருப்பில் அவர்களுக்கு இடம் கிடைத்தது. ஐம்பது வயதில் ஒரு புதிய நாட்டில் முதலிலிருந்து தொடங்கினார் லொற்றே. முன்னர் பொட்ஸ்டாமில் பார்த்த அந்தச் சிறுவன், லூயிஸ் ஹாகன், இப்போது பிரித்தானியப் படையில் ஆர்னெம் சமரிற் போரிட்டு விருது பெற்ற ஆளாகியிருந்தான். தந்தை 1923 இற் செய்ததை மகன் 1953 இற் செய்தான். படக் கம்பனி ஒன்றை அமைத்து லொற்றேயிடம் பணியை ஒப்படைத்தான். தொலைக்காட்சிக்கென ஒரு டசினுக்கும் மேற்பட்ட தேவதைக் கதைகள் சில ஆண்டுகளுக்குள் வெளிவந்தன. எமது பிள்ளைகள் பார்ப்பவை பெரும்பாலும் இவையே. ‘வீரத் தையற்காரன்’ 1955 இல் வெனிசில் வெள்ளி டொல்பின் விருது பெற்றது. நாட்டைவிட்டு ஓடி வந்த இரு குடும்பங்கள் அந்நிய மண்ணிற் சேர்ந்து செய்த படங்கள் இவை என்பது குறிப்பிடத்தக்கது.

1963 டிசம்பர் 1 ஆம் திகதி கார்ல் கொக் காலமானார். நாற்பத்திரண்டு ஆண்டு இல்லறத்தில் ஏறக்குறைய எல்லாப் படங்களிலும் அருகில் நின்ற கை மறைந்தது. லொற்றேயின் கத்தரிக்கோல் ஓயவில்லை, ஆனால் கமராவின் முன் அவர் வெகு காலம் செல்லவில்லை. பத்தாண்டுக்கு மேலாக அவர் பெயரைச் சொல்லும் புதுப்படம் இல்லை. 1970 இல் நிழற்கூத்து, நிழற்படம் பற்றி ஆங்கிலத்தில் ஒரு நூலை எழுதினார். தம் வித்தையின் நுட்பங்களை ஒளிக்காது சொல்லும் நூல் அது.

ஜேர்மனி அவரை மீண்டும் நினைத்தது அதற்கு அண்மிய காலத்திலேயே. 1972 இல் ஜேர்மன் திரைப்பட விருதின் தங்கப் பட்டம் வழங்கப்பட்டது. 1979 இல் கூட்டாட்சிக் குடியரசின் உயரிய சேவைச் சிலுவை அளிக்கப்பட்டது. அதற்கிடையில் கனடாவின் தேசியத் திரைப்படச் சபை அழைத்ததன் பேரில், எழுபத்தைந்து வயதைத் தாண்டிய நிலையில் அங்கு சென்று மீண்டும் கண்ணாடி மேசையின் முன் அமர்ந்தார். இளைஞர்கள் சூழ நின்று அவர் விரல்களைப் பார்த்தனர்.

1980 இல் ஜேர்மனி திரும்பி, டூபிங்கனுக்கு அருகே டெற்றன்ஹௌசன் என்ற சிற்றூரில், நட்புக் குடும்பமொன்றுடன் தங்கினார். 1981 ஜூன் 19 ஆம் திகதி அங்கேயே அவரது உயிர் பிரிந்தது.

பேர்லினில் அழிந்த படத்தின் வண்ணம் தீட்டிய பிரதியொன்று லண்டனில், பிரித்தானியத் திரைப்பட ஆவணக் காப்பகத்தில், பத்திரமாக இருந்தது. அதனை அடிப்படையாகக் கொண்டு, 1990களின் இறுதியில் பிராங்ஃபேர்ட் திரைப்பட அருங்காட்சியகத்தினர் பழைய நிறங்களுடனே படத்தை மீட்டெடுத்தனர். செல்லரின் இசையோடு அது இப்போது பல நாடுகளில் திரையிடப்படுகிறது. அவர் கையால் வெட்டிய உருவங்களை நேரிற் காண விரும்புவோர் டூபிங்கன் நகர அருங்காட்சியகத்திற்குச் செல்லலாம். ஸ்டுட்காட்டிலிருந்து புகையிரதத்தில் ஒரு மணித்தியாலப் பயணம். பிள்ளைகளையும் கூட்டிச் செல்லுங்கள். கண்ணாடிக்குப் பின்னால் இருக்கும் அந்த உருவங்களின் முழங்கைகளில், கம்பி முடிச்சு இன்னமும் தெரிகிறது.